40 லாரி, ஒரு வருஷக் கணக்கு: சிந்தெடிக் இன்ஜின் ஆயில் எங்க மிச்சம் பண்ணுது, எங்க பண்ணல

சிந்தெடிக் ஆயிலுக்கு மாறலாமான்னு ஃப்ளீட் வச்சிருக்கவங்ககிட்ட கேட்டா ரெண்டு பதில்தான் திரும்பத் திரும்ப வரும். விலை டபுள், கட்டுப்படியாகாதுன்னு ஒரு பக்கம், ரெண்டு மடங்கு கிலோமீட்டர் ஓடும், அதனால செலவு சரிக்குச் சரின்னு இன்னொரு பக்கம். ரெண்டு பேருமே ஆயில் பில்ல மட்டும்தான் பாக்குறாங்க. கணக்க முழுசா போட்டுப் பாத்தா ஆயில் பில்லுல லாபமே இல்ல, சில சமயம் கூடத்தான் ஆகும், லாபம் வர்றது டீசல் பில்லுல. சுற்றுச்சூழலுக்கு ஆகுற நன்மையும் பெரும்பாலும் அங்க இருந்துதான் வருது. இத ஒரே ஒரு ஃப்ளீட்ட எடுத்து வச்சு ஆரம்பத்துல இருந்து போட்டுக் காட்டுறேன்.

முன்னாடியே ஒண்ணு சொல்லிடுறேன், இது கணக்குக்காக நான் எடுத்துக்கிட்ட மாதிரி ஃப்ளீட், அதனால உங்க வண்டியோட எண்கள அந்தந்த இடத்துல போட்டுப் பாத்தாத்தான் உங்களுக்கான விடை வரும். அப்புறம் விலைய எந்த நாட்டுக் காசுலயும் சொல்லப் போறதில்ல, எல்லாத்தையும் டீசல் லிட்டர்ல சொல்றேன். அதாவது ஒரு லிட்டர் ஆயில் வாங்குற காசுக்கு எத்தனை லிட்டர் டீசல் வாங்கலாம்னு. எந்த ஊர்ல, எந்த வருஷத்துல படிச்சாலும் இந்தக் கணக்கு நிக்கும்.

ஃப்ளீட்டோட இப்போதைய நிலைமை

40 கனரக லாரி, எல்லாமே லாங் ரூட். ஒரு வண்டி வருஷத்துக்கு 1,20,000 கிலோமீட்டர் ஓடுது, மைலேஜ் 4, அப்போ வண்டிக்கு 30,000 லிட்டர், மொத்தமா 12 லட்சம் லிட்டர் டீசல். சம்ப்ல, அதாவது இன்ஜினுக்கு அடில ஆயில் தேங்குற தொட்டில, 35 லிட்டர் ஆயில் பிடிக்கும். இப்போ ஊத்துறது மினரல், அதாவது கச்சா எண்ணெய்ல இருந்து வர்ற சாதாரண ஆயில், 15டபிள்யூ-40 கிரேடு (முதல் எண் குளிர்லயும் ரெண்டாவது எண் சூட்டுலயும் ஆயில் எவ்வளவு கெட்டின்னு காட்டும்). 40,000 கிலோமீட்டருக்கு ஒரு தடவ மாத்துறாங்க, வருஷத்துக்கு வண்டிக்கு 3 தடவ, 40 வண்டிக்கும் சேத்து 120 ஆயில் சேஞ்ச், 4,200 லிட்டர். டாப்-அப் வண்டிக்கு வருஷம் 20 லிட்டர்னு வச்சா அது 800. ஆக 5,000 லிட்டர் ஆயில்.

மாறப் போறது சிந்தெடிக் 5டபிள்யூ-30க்கு, மாத்துற இடைவெளி 80,000 கிலோமீட்டர். சராசரியா வருஷத்துக்கு வண்டிக்கு ஒன்றரை தடவ, மொத்தம் 60 ஆயில் சேஞ்ச், 2,100 லிட்டர். நல்ல சிந்தெடிக்ல ஆவியாகுறது குறைவு, அதனால டாப்-அப் குறையும்னு எதிர்பாக்கலாம், ஆனா கணக்குல நமக்குச் சாதகமா எதையும் சேக்க வேணாம்னு அதே 800 லிட்டரையே வச்சுக்குறேன். மொத்தம் 2,900 லிட்டர்.

ஏன் கூட நாள் தாங்குது

அமெரிக்கப் பெட்ரோலியத் துறை அமைப்பான ஏபிஐ, பேஸ் ஆயில்கள (மருந்து எதுவும் கலக்குறதுக்கு முன்னாடி இருக்குற அடிப்படை எண்ணெய்) அஞ்சு குரூப்பா பிரிச்சிருக்கு. குரூப் 1, 2 சாதாரண மினரல், விஸ்காசிட்டி இண்டெக்ஸ் (சூடு மாறுனாலும் ஆயிலோட கெட்டித்தன்மை எவ்வளவு மாறாம நிக்குதுங்கிற அளவு) 80ல இருந்து 120க்குள்ள. குரூப் 3ங்கிறது கச்சா எண்ணெய்ல இருந்தே வந்தாலும் ஹைட்ரஜன் சேத்துக் கடுமையா சுத்திகரிச்சது, இண்டெக்ஸ் 120ம் அதுக்கு மேலயும். குரூப் 4 பிஏஓ, எத்திலீன்ல இருந்து படிப்படியா கட்டி உருவாக்குற மூலக்கூறு. எஸ்டர் மாதிரி மத்ததெல்லாம் குரூப் 5. குரூப் 3 ஆயிலையும் நிறைய நாடுகள்ல சிந்தெடிக்னுதான் விக்கிறாங்க, அதுல தப்பு இல்ல, நல்ல குரூப் 3 ஆயில் ஃப்ளீட்டுக்குத் தாராளமாப் போதும். அதனால டப்பால இருக்குற பேர விட்டுட்டு டேட்டா ஷீட்ட வாங்கிப் பாருங்க. நோவாக் எவ்வளவு, டிபிஎன் (அமிலத்த அடக்குற காரச் சத்து) எவ்வளவு, எச்டிஎச்எஸ் (அதிக சூட்டுல வேகமா உரசும்போது ஆயில் படலம் எவ்வளவு நிக்குதுங்கிறது) எவ்வளவு, இந்த மூணும் போதும். நோவாக்ங்கிறது 250 டிகிரில ஒரு மணி நேரம் சூடு பண்ணா எத்தனை சதவீதம் ஆவியா போகுதுங்கிற அளவு. டர்போ பக்கத்துலயும் பிஸ்டன் ரிங் பக்கத்துலயும் ஆயில் படுற சூட்டுக்கு இது ரொம்ப முக்கியம், ஆவியா போக போக மிச்சம் இருக்குற ஆயில் கெட்டியாகும், டாப்-அப்பும் கூடும்.

சிந்தெடிக் பேஸ் ஆயில் ஆக்சிஜனோட சேந்து கெட்டுப் போறது மெதுவாத்தான் நடக்கும், சூட்டுல ஸ்லட்ஜ் (கெட்டியான கசடு) ஆகுறதும் குறைவு, இது உண்மை. ஆனா சம்ப்ல இருக்குறது பேஸ் ஆயில் மட்டும் இல்லையே. டீசல் எரியும்போது வர்ற அமிலத்த அடக்குறது டிபிஎன்னு சொல்ற காரச் சத்து, அது எரிஞ்ச டீசலுக்கு ஏத்த மாதிரி கரைஞ்சுக்கிட்டே வரும், பேஸ் ஆயில் எந்தக் குரூப்பா இருந்தாலும் அதுக்கு ஒண்ணுதான். கரியும் அப்படித்தான், இன்ஜின்ல உண்டாகுற கரி ஆயிலோட விலையப் பாத்துக் குறையாது. சிந்தெடிக்னா கண்ண மூடிக்கிட்டு ரெண்டு மடங்கு ஓட்டலாம்ங்கிற பேச்சு இங்கதான் அடி வாங்குது. டீசல்ல கந்தகம் அதிகமா இருக்குற இடத்துல டிபிஎன் சீக்கிரமே காலியாகும், அங்க இடைவெளிய நீட்டுறது ஆபத்து.

ஆயில் பில்: இங்க லாபம் இல்ல

மினரல் ஒரு லிட்டர் = 2.5 லிட்டர் டீசல், சிந்தெடிக் அதுல ரெண்டு மடங்கு, 5 லிட்டர் டீசல்னு வச்சுக்குவோம். மினரல் செலவு 12,500. சிந்தெடிக் செலவு 14,500. பாதியளவு தடவதான் மாத்துறோம், விலை ரெண்டு மடங்கு, அப்போ சமமா வரணுமேன்னு தோணும், ஆனா டாப்-அப் ஆயிலுக்கும் ரெண்டு மடங்கு விலை குடுக்குறோம், அதுலதான் 2,000 கூடுது. நிறைய பேர் மறக்குற இடம் இது.

ஃபில்டர், லேபர் சேத்து ஒரு ஆயில் சேஞ்சுக்கு 30 லிட்டர் டீசல்னு போட்டா 60 சேஞ்ச் குறையுறதுல 1,800 மிச்சம். ஆனா இடைவெளிய நீட்டணும்னா ஆயில் சாம்பிள் லேபுக்கு அனுப்பியே ஆகணும், 20,000 கிலோமீட்டருக்கு ஒண்ணுன்னா வருஷத்துக்கு 240 சாம்பிள், ஒண்ணுக்கு 15ன்னா 3,600. கூட்டிக் கழிச்சா 3,800 லிட்டர் டீசல் அளவுக்கு நஷ்டம்.

வண்டி வொர்க்‌ஷாப்ல நிக்குற நேரம் குறையுதே, அத ஏன் சேக்கலன்னு கேப்பீங்க. வேணும்னேதான் விட்டேன். பிரேக், கிரீஸ், டயர்னு வேற வேலைக்கு வண்டி எப்படியும் உள்ள வரும், ஆயில் மாத்துற நாள் குறைஞ்சதால மட்டும் ஒரு லோடு கூட அடிச்சோம்னு நிரூபிக்கிறது கஷ்டம். உங்க ஃப்ளீட்ல சர்வீஸ் எல்லாத்தையும் ஒரே இடைவெளிக்குக் கொண்டு வர முடிஞ்சா இது பெரிய தொகை, முடியலன்னா பூஜ்யம்.

டீசல் பில்

லாரில எரியுற டீசலோட சக்தில ஏறத்தாழ மூணுல ஒரு பங்கு இன்ஜின், கியர்பாக்ஸ், டயர், பிரேக்னு பல இடத்து உராய்வுலயே போயிடுது. அதுல ஆயிலால தொட முடியுறது ஒரு சின்னப் பங்குதான், ஆனா 12 லட்சம் லிட்டர்ல சின்னப் பங்கே பெரிய எண்ணா வந்து நிக்கும். வட அமெரிக்காவுல சரக்கு வண்டிகளோட எரிபொருள் சிக்கனத்த ஆராயுற நாக்ஃபிங்கிற அமைப்பு, 15டபிள்யூ-40ல இருந்து 5டபிள்யூ-30 இல்ல 10டபிள்யூ-30க்கு மாறுற லாங் ரூட் ஃப்ளீட் 0.5ல இருந்து 1.5 சதவீதம் வரைக்கும் எரிபொருள் மிச்சம் எதிர்பாக்கலாம்னு சொல்லியிருக்கு. எஃப்ஏ-4ங்கிற இன்னும் மெல்லிசான வகை ஆயிலுக்குப் போனா அதுக்கு மேல இன்னொரு 0.4ல இருந்து 0.7 சதவீதம்.

நடுவுல 1 சதவீதம்னு எடுத்தா நம்ம ஃப்ளீட்டுக்கு 12,000 லிட்டர். 3,800 நஷ்டத்தக் கழிச்சா 8,200 கையில. 0.5 மட்டுமே கிடைச்சா 2,200. 1.5 கிடைச்சா 14,200. 0.32 சதவீதம் மிச்சமானா போதும், போட்ட காசு திரும்பிடும்.

மிச்சம் பண்ணது சிந்தெடிக்ங்கிற தன்மை இல்ல, 30 கிரேடோட மெல்லிசான தன்மை. 100 டிகிரில 40 கிரேடோட விஸ்காசிட்டி 12.5ல இருந்து 16.3க்குள்ள, 30 கிரேடு 9.3ல இருந்து 12.5க்குள்ள. சிந்தெடிக் என்ன பண்ணுதுன்னா, இவ்வளவு மெல்லிசா இருந்தும் ஆவியாகாம, சூட்டுல பிஞ்சு போகாம நிக்க வைக்குது, அது பெரிய விஷயம், மினரல்ல 5டபிள்யூ-30 பண்றதே கஷ்டம். ஆனா விலை குடுத்து சிந்தெடிக் வாங்கி அதையும் 15டபிள்யூ-40லயே வாங்குனா டீசல்ல பெருசா ஒண்ணும் மாறாது, அந்த 3,800 நஷ்டம் அப்படியே உக்காந்திருக்கும். இந்தத் தப்பத்தான் ஃப்ளீட்ல அதிகமா பாக்குறேன், ஆயில் ரகத்த உயர்த்துறாங்க, கிரேட மாத்த பயப்படுறாங்க, அப்புறம் சிந்தெடிக் போட்டும் ஒண்ணும் தெரியலைன்னு சொல்றாங்க.

கணக்கு எவ்வளவு சீக்கிரம் கவுந்துடும்னும் பாத்துடுங்க. சிந்தெடிக் விலை ரெண்டு மடங்கு இல்லாம மூணு மடங்குன்னா செலவு 11,050 கூடும், திரும்ப எடுக்க 0.92 சதவீதம் மிச்சம் ஆகணும், அது விளிம்புல நிக்குற கணக்கு. விலை ரெண்டு மடங்குதான், ஆனா பயந்துக்கிட்டு பழையபடி 40,000லயே மாத்துறோம்னா 12,500 கூடும், அப்பவும் 1 சதவீதத்துக்கு மேல டீசல் மிச்சம் ஆனாத்தான் தப்பிக்கலாம். கிரேடு, இடைவெளி ரெண்டும் சேந்து மாறணும், ஒண்ண மட்டும் மாத்துனா காசு நிக்காது.

அந்த 1 சதவீதத்த எப்படிப் பாக்குறது

மாச மைலேஜ் ரிப்போர்ட்டப் பாத்து கண்டுபிடிக்க முடியாது. லோடு, காத்து, டயர் பிரஷர், டிரைவர் மாறுறது, இதுங்களே அதவிட அதிகமா ஆட்டி வைக்கும். பழைய மாசம் இவ்வளவு, புது ஆயில் போட்ட மாசம் இவ்வளவுன்னு ஒப்பிட்டு முடிவு பண்றது பெரிய தப்பு, ரெண்டு பக்கமும் ஏமாத்தும். டிரக் எரிபொருள் சோதனைக்குன்னே எஸ்ஏஇ ஜே1321னு ஒரு முறை இருக்கு, அதோட அடிப்படை ரொம்ப எளிமை, மாத்துன வண்டி கூடவே மாத்தாத வண்டியும் ஓடணும், ரெண்டுக்கும் உள்ள விகிதத்தப் பாக்கணும். அந்த அளவுக்கு எடை போட்ட டேங்க் எல்லாம் வச்சு ஃப்ளீட்ல பண்ண முடியாட்டியும் யோசனைய எடுத்துக்கலாம். 20 வண்டிக்குப் புது ஆயில், 20 வண்டிக்குப் பழைய ஆயில், ரெண்டு குழுவுலயும் ஒரே மாதிரி ரூட், ஒரே மாதிரி வயசு. முதல்ல சில மாசம் ரெண்டுமே பழைய ஆயில்ல ஓடி விகிதம் எங்க நிக்குதுன்னு பாத்துட்டு, அப்புறம் ஒரு குழுவ மட்டும் மாத்தி விகிதம் நகருதான்னு பாருங்க. நடுவுல டிரைவர இந்தக் குழுவுல இருந்து அந்தக் குழுவுக்கு மாத்தக் கூடாது.

சாம்பிள் எடுக்காம இடைவெளிய நீட்டாதீங்க

40,000ல இருந்து ஒரே தாவுல 80,000க்குப் போகக் கூடாது. 50,000, 60,000ன்னு ஏத்திக்கிட்டே ஒவ்வொரு கட்டத்துலயும் ரிப்போர்ட்டப் பாக்கணும், இன்ஜின் கம்பெனி அனுமதிச்ச எல்லைக்குள்ளதான் போகணும், வாரண்டி இருக்குற வண்டினா அத எழுத்துல வாங்கிக்கணும். ரிப்போர்ட்ல டிபிஎன் இறங்குறதையும் அமில எண் ஏறுறதையும் சேத்து வச்சுப் பாருங்க, ரெண்டும் சந்திக்கிற பக்கம் வந்துட்டா ஆயில் ஆயுசு முடிஞ்சதுன்னு வச்சுக்கலாம். இரும்பு ஒரேயடியா கூடுனா தேய்மானம், சிலிக்கானும் இரும்பும் சேந்து ஏறுனா ஏர் ஃபில்டர் பக்கம் எங்கயோ தூசி உள்ள போகுது, சோடியமோ பொட்டாசியமோ தெரிஞ்சா கூலன்ட் கசியுது, விஸ்காசிட்டி திடீர்னு இறங்குனா இன்ஜெக்டர்ல இருந்து டீசல் ஆயில்ல கலக்குது. செம்பு மட்டும் புது இன்ஜின்ல ஏறி இருந்தா பதற வேணாம், ஆயில் கூலர்ல இருந்து கொஞ்ச நாள் கரையும், அப்புறம் இறங்கிடும். ஒரு ரிப்போர்ட்டோட எண்ண வச்சு முடிவு எடுக்குறத விட ஒரே வண்டியோட மூணு நாலு ரிப்போர்ட்ட வரிசையா வச்சுப் பாக்குறதுதான் சரியான வழி.

இந்த 3,600 செலவ நான் ஆயிலோட செலவா பாக்குறதே இல்ல. கூலன்ட் கசிவ பேரிங் போறதுக்கு முன்னாடி ஒரே ஒரு வண்டில பிடிச்சாலே இன்ஜின் ஓவர்ஹால் மிச்சம், அந்தக் காசு மேல போட்ட கணக்குல எங்கயும் வரல. ஆனா சாம்பிள ஒழுங்கா எடுக்கணும், இன்ஜின் சூடா இருக்கும்போது, சாம்பிள் வால்வுல இருந்தோ, இல்ல டிரெய்ன் பண்ணும்போது நடுவுல வர்ற ஆயில்ல இருந்தோ, சுத்தமான பாட்டில்ல. சம்போட அடில கிடக்குற கசட முதல்ல பிடிச்சு அனுப்புனா லேப் அந்தக் கசடுக்குத்தான் ரிப்போர்ட் குடுக்கும்.

கிலோமீட்டர மட்டும் நம்புறதுலயும் சிக்கல் இருக்கு. 40,000 கிலோமீட்டர் 4 மைலேஜ்ல ஓடுனா 10,000 லிட்டர் டீசல் எரிஞ்சிருக்கும். டவுனுக்குள்ள நின்னு நின்னு போற பஸ்ஸுக்கு 2.5தான் மைலேஜ்னா அதே 10,000 லிட்டர் 25,000லயே எரிஞ்சிடும், ஐட்லிங்ல கரி வேற கூடும். அமிலமும் கரியும் எரிஞ்ச டீசலப் பொறுத்து வர்றதால, ரூட் கலந்து ஓடுற ஃப்ளீட்ல எரிஞ்ச டீசல் லிட்டர வச்சு இடைவெளி வைக்கிறதுதான் நியாயமானது.

சுற்றுச்சூழல் பக்கம்

ஒரு லிட்டர் டீசல் எரிஞ்சா கிட்டத்தட்ட 2.68 கிலோ கார்பன் டை ஆக்சைடு. 12,000 லிட்டர் குறைஞ்சா வருஷத்துக்கு 32 டன். கழிவு ஆயில் 4,200ல இருந்து 2,100ஆ குறையுது, அந்த 2,100 லிட்டர் எங்கயாவது எரிக்கப்பட்டிருந்தா 5ல இருந்து 6 டன் வந்திருக்கும். எடையில பாத்தா டீசல் பக்கம்தான் பெருசு. சிந்தெடிக் தயாரிக்க, முக்கியமா பிஏஓவுக்கு, லிட்டருக்கு அதிக சக்தி செலவாகுதுங்கிறதையும் மறைக்கக் கூடாது, லிட்டரே 5,000ல இருந்து 2,900ஆ குறையுறதால அதுல கொஞ்சம் ஈடாகும்.

ஆனா கழிவு ஆயில டன் கணக்குல மட்டும் எடை போட எனக்கு மனசு வரல. அதுல தேய்மான உலோகம், எரிப்புல உண்டாகுற புற்றுநோய் சம்பந்தப்பட்ட சேர்மங்கள் எல்லாம் கலந்திருக்கு, மண்ணுல ஊத்துனா அங்கயே தங்கும், தண்ணில கலந்தா மேல படலமா பரவி ஆக்சிஜன் உள்ள போக விடாது. ஒரே ஒரு ஆயில் சேஞ்சோட கழிவு பத்து லட்சம் கேலன் நல்ல தண்ணிய கெடுக்கும்னு அமெரிக்க சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை சொல்லுது, அது கார் அளவு, நம்ம லாரி சம்ப் அத மாதிரி பல மடங்கு. அதே முகமை சொல்ற இன்னொரு கணக்கும் முக்கியம், ஒரு கேலன் கழிவு ஆயில மறுசுத்திகரிப்பு பண்ணா இரண்டரை குவார்ட் (கால் கேலன்தான் ஒரு குவார்ட்) லூப்ரிகேட்டிங் ஆயில் கிடைக்கும், அத கச்சா எண்ணெய்ல இருந்து எடுக்க 42 கேலன் வேணும். அப்போ மிச்சம் இருக்குற 2,100 லிட்டரையும் சரியான ஆள்கிட்ட குடுத்தா பாதிக்கு மேல திரும்ப ஆயிலாவே வரும். வொர்க்‌ஷாப்ல பண்ண வேண்டியது ஒண்ணே ஒண்ணு, கழிவு ஆயில் டிரம்முல கூலன்ட், பிரேக் ஆயில், பார்ட்ஸ் கழுவுன சால்வென்ட் எதையும் ஊத்தக் கூடாது. கலந்துட்டா மறுசுத்திகரிப்பு பண்றவங்க வாங்க மாட்டாங்க. வாங்குறவங்க ஆசிட் போட்டு சுத்தம் பண்ற பழைய முறை ஆளுங்களா, இல்ல வேக்குவம் டிஸ்டிலேஷன், ஹைட்ரோட்ரீட்டிங் வச்சிருக்கவங்களான்னும் கேளுங்க, ஆசிட் முறைல மிஞ்சுற ஸ்லட்ஜ் கழிவு ஆயில விட மோசம்.

டிபிஎஃப், அதாவது புகைல வர்ற கரியப் பிடிக்கிற ஃபில்டர், இருக்குற வண்டிக்கு இன்னொரு விஷயம். ஃபில்டர்ல சேருற கரிய எரிச்சு எடுத்துடலாம், சாம்பல எரிக்க முடியாது, அந்தச் சாம்பல் ஆயில்ல இருக்குற கால்சியம், மெக்னீசியம், ஜிங்க்ல இருந்து வருது. ஏபிஐயோட சிகே-4ங்கிற டீசல் இன்ஜின் ஆயில் தரத்துல சல்ஃபேட்டட் ஆஷ் (ஆயில் எரிஞ்சு மிஞ்சுற சாம்பலோட அளவு) 1 சதவீதத்துக்குள்ள இருக்கும். நீண்ட இடைவெளிக்குன்னு அதிக டிபிஎன்னோட விக்கிற சில ஆயில்ல ஆஷும் அதிகமா இருக்கும், அத டிபிஎஃப் வண்டில ஊத்துனா ஆயில்ல மிச்சம் பண்ணத டிபிஎஃப் க்ளீனிங்ல விட்டுடுவீங்க.

எந்த வண்டிய மாத்துறது, எத விடுறது

சிகே-4, எஃப்ஏ-4 ரெண்டும் 2016 டிசம்பர்ல வந்துச்சு, ரெண்டையும் ஒண்ணுன்னு நினைச்சுடாதீங்க. அதிக சூட்டுல வேகமா உரசுற இடத்துல ஆயில் படலம் எவ்வளவு நிக்குதுன்னு சொல்ற எச்டிஎச்எஸ் அளவு சிகே-4க்கு 3.5ம் அதுக்கு மேலயும், எஃப்ஏ-4க்கு 2.9ல இருந்து 3.2. சிகே-4 10டபிள்யூ-30, 5டபிள்யூ-30 ரெண்டுமே இருக்கு, பழைய இன்ஜின்கள் நிறைய அத ஏத்துக்கும். எஃப்ஏ-4 அப்படி இல்ல, இன்ஜின் கம்பெனி பேர் சொல்லி அனுமதிச்ச மாடலுக்கு மட்டும்தான், அனுமதி இல்லாத பேரிங்குக்கு அந்தப் படலம் பத்தாது.

நம்ம 40ல மொதல்ல மாத்த வேண்டியது அதிகம் ஓடுற, கம்பெனி 30 கிரேட அனுமதிச்ச, ஆயில் குடிக்காத லாங் ரூட் வண்டிங்க. டீசல் எவ்வளவு எரியுதோ அவ்வளவு சீக்கிரம் காசு திரும்பும். வருஷத்துக்கு 30,000, 40,000 கிலோமீட்டர் மட்டும் ஓடுற வண்டிக்கு இடைவெளி நீட்டுறதுல பிரயோஜனமே இல்ல, கிலோமீட்டர் வர்றதுக்கு முன்னாடி கம்பெனி வச்ச மாசக் கெடு வந்துடும். ரிங் தேஞ்சு ஆயில் குடிக்கிற வண்டில விலை கூடுன ஆயில ஊத்துறது சைலன்சர் வழியா காச அனுப்புற வேலை, அங்க மினரல் 15டபிள்யூ-40யே இருக்கட்டும், முதல்ல இன்ஜின சரி பண்ணுங்க. சீல் பழசாகி ஏற்கெனவே கசியுற வண்டியும் அப்படித்தான், கசிவ நிறுத்திட்டு மாத்துங்க. ஒரே டிப்போல ரெண்டு கிரேடு ஆயில் இருக்கப் போறதால டிரம்முக்கு ஒரு கலர், அந்தந்த வண்டியோட ஃபில்லர் மூடி பக்கத்துல அதே கலர்ல ஸ்டிக்கர், டாப்-அப் கேனும் தனித்தனி. ராத்திரி ஷிஃப்ட்ல அவசரத்துல கைக்குக் கிடைச்ச கேன்ல இருந்து ஊத்துனா சாம்பிள் ரிப்போர்ட், மைலேஜ் ஒப்பீடு ரெண்டுமே அந்த வண்டிக்கு அடுத்த ஆயில் சேஞ்ச் வரைக்கும் வீணாயிடும்.